அகதிச் சிறுவனும் ஏழாம் எண் கிணறும்

உலக வரலாற்றின் திருப்புமுனைகள் என்று நாம் பள்ளிக்கூடத்தில் படித்தவை எல்லாம் தொலைவில் நடந்தவை. பிரெஞ்சுப் புரட்சி, ரஷ்யப் புரட்சி, இரண்டு உலகப் போர்கள், ஹிரோஷிமா என்று அந்தப் பட்டியல் நீளும். ஆனால் தம்மாமில் குடியிருக்கும் எமக்கு அப்படியொரு திருப்புமுனை, வீட்டிலிருந்து காரில் போனால் அரை மணி நேரத்துக்குள் எட்டிவிடும் இடத்தில் இருக்கிறது. தஹ்ரான் மேட்டில் 1938 மார்ச் 4ஆம் திகதி தம்மாம் ஏழாம் எண் கிணற்றில் எண்ணெய் பீறிட்டது. நாம் இந்த மண்ணில் வந்து உழைப்பதற்கும், எமது பிள்ளைகள் இங்கே பிறந்ததற்கும் முதற் காரணம் அந்தக் கிணறுதான்.

அந்தக் கிணற்றைத் தோண்ட அனுமதி கொடுத்தவர் மன்னர் அப்துல் அஸீஸ். மேற்குலகம் இப்னு சவூத் என்று அழைத்தது அவரைத்தான். தம்மாம் துறைமுகத்துக்கும் தஹ்ரானில் உள்ள இத்ரா பண்பாட்டு மையத்துக்கும் அவர் பெயரே இடப்பட்டுள்ளது. எமது பிள்ளைகளுக்கு அந்தப் பெயர் வெறும் பெயர்ப்பலகை எழுத்து. ஆனால் அவர் சிறு வயதில் ஊரை இழந்து, இன்னொரு நாட்டின் தயவில் அகதியாக வளர்ந்தவர் என்பது எம்மில் பலருக்குத் தெரியாது. அவருடைய கதையை நாம் படிக்க வேண்டியது அதற்காகத்தான்.

சவூத் குடும்பம் நஜ்த் என்னும் நடு அரேபியாவை ஆண்ட பழைய குடும்பம். அவர்களுடைய முதல் தலைநகரான திரியாவை 1818இல் ஒஸ்மானியப் பேரரசின் சார்பில் வந்த எகிப்தியப் படை இடித்துத் தரைமட்டமாக்கியது. பின்னர் ரியாத்தைத் தலைநகராக்கி மீண்டும் எழுந்தார்கள். அந்த இரண்டாவது ஆட்சி, சகோதரர்களுக்குள் நடந்த சண்டையாலேயே உள்ளிருந்து அரித்துப் போனது. 1865இல் தந்தை இறந்த பின் அண்ணன் தம்பிமார் ஆட்சிக்காக மோதிக்கொண்டார்கள். அந்தச் சண்டை வடக்கே ஹாயில் நகரை ஆண்ட ரஷீத் குடும்பத்துக்கு வாசலைத் திறந்துவிட்டது. ஒற்றுமையின்மையால் வீடு இழந்தவர்களின் கதையை எவரும் எமக்கு விளக்கிச் சொல்லத் தேவையில்லை.

1891இல் ரஷீத் குடும்பம் முழு வெற்றி பெற்றது. அப்துல் அஸீஸின் தந்தை அப்துல் ரஹ்மான், பெண்களையும் குழந்தைகளையும் கூட்டிக்கொண்டு ரியாத்தை விட்டு வெளியேறினார். அப்போது அப்துல் அஸீஸ் சிறுவன். ஒட்டகத்தின் ஒரு பக்கப் பையில் அவரும் மறுபக்கப் பையில் சகோதரி நூராவும் உட்கார்ந்து போனதாக ஒரு கதை இன்றும் சொல்லப்படுகிறது. குடும்பம் ரூப் அல் காலி என்னும் வெறும் பாலைவனத்தின் ஓரத்தில் முர்ரா பழங்குடியினரிடம் தஞ்சம் புகுந்தது. அங்கே அந்தச் சிறுவன் தண்ணீரில்லாமல் நாட்களைக் கடத்தவும், மணலில் காலடித் தடம் பார்த்து ஆளை அறியவும், பசி பொறுக்கவும் கற்றுக்கொண்டான்.

அதற்குப் பிறகு குவைத். அங்கே குடும்பம் ஒஸ்மானிய அரசின் உதவிப்பணத்தில் வாழ்ந்தது. ஒரு காலத்தில் ஆண்டவர்கள் இன்னொருவர் தரும் காசை எதிர்பார்த்து மாதத்தை ஓட்டினார்கள். ஆனால் குவைத் ஒரு துறைமுகம். பம்பாய்க்கும் பஸ்ராவுக்கும் கப்பல்கள் போய்வந்த ஊர். பிரித்தானியர், ஒஸ்மானியர், ரஷ்யர், ஜெர்மானியர் என்று எல்லா வல்லரசுகளும் கண் வைத்திருந்த ஊர். 1896இல் குவைத்தின் ஆட்சியாளரான முபாரக், இந்த அகதி இளைஞனைத் தன் சபையில் இருக்க விட்டார். பெரிய அரசுகளின் நடுவே ஒரு சிறிய அரசு எப்படி நழுவி நழுவி உயிர் வாழ்கிறது என்பதை அப்துல் அஸீஸ் அங்கே பக்கத்திலிருந்து பார்த்தார். பாலைவனம் கொடுத்த கல்வி ஒன்று, துறைமுகம் கொடுத்த கல்வி இன்னொன்று. ஊரிலேயே இருந்திருந்தால் இரண்டாவது கல்வி அவருக்குக் கிடைத்திராது.

1901இன் பிற்பகுதியில் சுமார் நாற்பது பேருடன் அவர் குவைத்திலிருந்து புறப்பட்டார். 1902 ஜனவரியில் ஓர் இரவு ரியாத் மதிலைத் தாண்டி உள்ளே நுழைந்தார்கள். ரஷீத் குடும்பத்தின் ஆளுநர் அஜ்லான் இரவில் மஸ்மக் கோட்டைக்குள் தூங்கி, விடிந்ததும் எதிரே இருந்த தன் வீட்டுக்கு வருவது வழக்கம். அந்த வீட்டுக்குள் பதுங்கியிருந்து, காலையில் அவர் வெளியே வந்ததும் பாய்ந்தார்கள். கோட்டை வாசலில் நடந்த சண்டையில் அஜ்லான் கொல்லப்பட்டார். ரியாத் கைக்கு வந்தது. ஏறக்குறைய பத்து ஆண்டுகளில் முடிந்த ஒரு புலம்பெயர்வு அது. நாற்பது ஆண்டுகளைக் கடந்தும் முடியாத புலம்பெயர்வைச் சுமக்கும் எமக்கு, அதைப் படிக்கும்போது ஏக்கம் வரத்தான் செய்கிறது.

ஆனால் திரும்பி வந்ததோடு கதை முடியவில்லை. அடுத்த முப்பது ஆண்டுகள் போரிலும் பேரத்திலும் கழிந்தன. 1913இல் அவர் ஒஸ்மானியரிடமிருந்து அல் ஹஸாவைக் கைப்பற்றினார். ஹொபூப் கோட்டையில் இருந்த துருக்கியப் படையினரைக் கொல்லாமல், கடல்வழியே பாதுகாப்பாகப் போக விட்டார். நாம் இன்று வாழும் கிழக்கு மாகாணம் அன்றுதான் அவர் கைக்கு வந்தது. அவர் அதில் கண்டது பேரீச்சந் தோட்டங்களும், ஊற்று நீரும், கத்தீப், உகைர் துறைமுகங்களின் சுங்க வரியும், முத்துக் குளிப்பும்தான். மண்ணுக்கு அடியில் கிடந்ததை அவரும் அறியவில்லை, துருக்கியரும் அறியவில்லை. அதே காலத்தில் பிரித்தானியக் கடற்படை நிலக்கரியை விட்டு எண்ணெய்க்கு மாறிக்கொண்டிருந்தது. 1914இல் பிரித்தானிய அரசு பாரசீக எண்ணெய்க் கம்பனியின் பெரும்பங்கை வாங்கியது. உலகத்தின் எரிபொருள் மாறிக்கொண்டிருந்த அதே நேரத்தில், அந்த எரிபொருளின் மிகப்பெரிய கிடங்குக்கு மேலே ஒரு பாலைவனத் தலைவர் பேரீச்சைக்காகக் கொடி நாட்டியிருந்தார்.

முதல் உலகப் போரின்போது, 1915 டிசம்பரில், எமது தம்மாமுக்கு வடக்கே உள்ள தாரீனில் பிரித்தானியாவுடன் ஓர் ஒப்பந்தம் செய்துகொண்டார். பிரித்தானியா அவருக்குப் பாதுகாப்பும் காசும் ஆயுதமும் தந்தது. போர் முடிந்ததும் அதே பிரித்தானியா எல்லைக்கோடு கீறியது. 1922இல் உகைரில் நடந்த கூட்டத்தில் பிரித்தானிய அதிகாரி பேர்சி கொக்ஸ் வரைபடத்தில் கோட்டை இழுத்தார். குவைத் தன்னுடையது என்று கூறிவந்த நிலத்தில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கு அப்துல் அஸீஸின் பக்கம் போனது. அகதியாக வந்தபோது இடம் கொடுத்த குவைத்தின் நிலம் அது. வெள்ளைக்காரன் கீறிய கோட்டால் யார் இழந்தார்கள், யார் பெற்றார்கள் என்ற கணக்கு எமது தீவுக்கு மட்டும் உரியது அல்ல.

இன்னொன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். ஊரை இழந்து வளர்ந்தவர் மற்றவர்களை ஊரிலிருந்து விரட்டவும் செய்தார். 1921இல் ஹாயிலைப் பிடித்தபோது, தோற்ற ரஷீத் குடும்பத்தை ரியாத்துக்குக் கொண்டுவந்து மரியாதையாகவே வைத்திருந்தார். அந்தக் குடும்பத்தின் விதவை ஒருவரை மணமும் செய்துகொண்டார். பின்னாளில் மன்னரான அப்துல்லாஹ் அந்தப் பெண்ணின் மகன்தான். ஆனால் 1924இல் தாயிப் நகருக்குள் அவருடைய இஃக்வான் போராளிகள் புகுந்தபோது நூற்றுக்கணக்கான பொதுமக்கள் கொல்லப்பட்டார்கள். மக்காவை ஆண்ட ஷரீப் ஹுஸைன் பதவி துறந்து, அகபாவுக்கும் அங்கிருந்து சைப்பிரஸுக்கும் போய், கடைசியில் 1931இல் அம்மானில் இறந்தார். ஒரு புலம்பெயர்வின் முடிவு இன்னொருவருடைய புலம்பெயர்வின் தொடக்கமானது. ஐந்தாண்டுகளுக்குப் பின், தன் கட்டளைக்கு அடங்காத அந்த இஃக்வானையே 1929இல் சபிலாவில் அவர் நசுக்க வேண்டி வந்தது. 1932 செப்டெம்பர் 23ஆம் திகதி சவூதி அரேபியா என்ற நாடு அறிவிக்கப்பட்டது.

நாடு பிறந்தது, கஜானாவில் காசில்லை. அரசின் முக்கிய வருமானம் ஹஜ் யாத்திரிகர்களிடமிருந்து வந்தது. உலகப் பெரும் பொருளாதார மந்தம் வந்ததும், இலட்சத்தைத் தாண்டியிருந்த யாத்திரிகர் தொகை பாதிக்கும் கீழே விழுந்தது. சம்பளம் கொடுக்க முடியவில்லை, கடன் ஏறியது. இந்த நிலையில்தான் 1932 மே 31ஆம் திகதி எதிரே கடலுக்கு அப்பால் பஹ்ரைனில் எண்ணெய் கிடைத்தது. பஹ்ரைனிலிருந்து பார்த்தால் தஹ்ரான் குன்றுகள் தெரியும். அங்கே இருந்த மாதிரியே இங்கும் ஒரு நிலவமைப்பு இருக்கலாம் என்று புவியியலாளர்கள் எண்ணினார்கள்.

1933 மே 29ஆம் திகதி ஜித்தாவில் நிதியமைச்சர் அப்துல்லாஹ் சுலைமான், கலிபோர்னியா ஸ்டாண்டர்ட் எண்ணெய்க் கம்பனியின் பிரதிநிதியுடன் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார். அறுபது ஆண்டு உரிமை. உடனடியாக 30,000 பவுண் தங்கக் கடனும், ஆண்டுக்கு 5,000 பவுண் வாடகையும் பேசப்பட்டன. ஓகஸ்டில் 35,000 தங்க நாணயங்கள் ஜித்தாவுக்கு வந்து, ஒரு வங்கி மேசையில் ஒவ்வொன்றாக எண்ணி ஒப்படைக்கப்பட்டன. பிரித்தானியர் பக்கமிருந்து வந்த கேள்வி இதைவிட மிகக் குறைவு. எண்ணெய் இருக்கும் என்று அவர்கள் பெரிதாக நம்பவில்லை. மன்னரும் எண்ணெயை நம்பிக் கையெழுத்திடச் சொன்னார் என்று எடுத்துக்கொள்ள முடியாது. அவருக்குத் தேவைப்பட்டது முன்பணம். உலகத்தின் எரிபொருள் வரைபடத்தை மாற்றிய அந்தக் கையெழுத்து, மாதக் கடைசியில் கடைக்கடன் அடைக்க முடியாத ஒரு குடும்பத் தலைவரின் நெருக்கடி போன்ற ஒன்றிலிருந்தே வந்தது.

1933 செப்டெம்பரில் முதல் புவியியலாளர்கள் ஜுபைலில் வந்து இறங்கினார்கள். 1935 ஏப்ரலில் தம்மாம் மேட்டில் முதலாம் எண் கிணறு தொடங்கியது. ஒன்று, இரண்டு, மூன்று என்று ஆறு கிணறுகள் தோண்டினார்கள். சிலவற்றில் கொஞ்சம் எண்ணெயும் வாயுவும் வந்தன, சிலவற்றில் தண்ணீர் வந்தது. வியாபாரத்துக்குப் போதுமான அளவு ஒன்றிலும் இல்லை. 1936 டிசம்பரில் ஏழாம் எண் கிணற்றை இன்னும் ஆழமாகத் துளையிடத் தொடங்கினார்கள். குழாய் சிக்கியது, துளையிடும் கருவி உடைந்தது, காலம் இழுபட்டது. கம்பனியின் தலைமைப் புவியியலாளர் மக்ஸ் ஸ்டைனிகி நம்பிக்கையை விடாமல் தொடரச் சொன்னார். அவருக்குப் பாலைவனத்தின் வழிகளைக் காட்டியவர் அஜ்மான் பழங்குடியைச் சேர்ந்த காமிஸ் பின் ரிம்தான் என்ற வழிகாட்டி. பின்னாளில் ஓர் எண்ணெய் வயலுக்கே அவர் பெயர் வைக்கப்பட்டது.

1938 மார்ச்சில், சுமார் 1,440 மீற்றர் ஆழத்தில், ஏழாம் எண் கிணறு திறந்தது. மார்ச் 4ஆம் திகதி ஒரே நாளில் 1,585 பீப்பாய் எண்ணெய் வந்தது. சில நாட்களில் அது இரட்டிப்புக்கும் மேலானது. 1939 மே 1ஆம் திகதி மன்னரே ராஸ் தனூராவுக்கு வந்து, முதல் எண்ணெய்க் கப்பலில் எண்ணெய் ஏற்றும் வால்வைத் தன் கையால் திறந்தார். நானூறுக்கும் மேற்பட்ட கார்களும், தஹ்ரானுக்கு அருகே ஒரு கூடார நகரமுமாக அந்த வருகை நடந்தது. ஒட்டகப் பையில் வெளியேறிய சிறுவனுக்கும் கார்ப் படையுடன் வந்த மன்னருக்கும் இடையே ஐம்பது ஆண்டுகள்கூட ஆகவில்லை.

அந்தக் கிணறு ஏன் ஒரு திருப்புமுனை? இரண்டாம் உலகப் போர் அதற்கு விடை சொன்னது. விமானமும் டாங்கியும் கப்பலும் எண்ணெயில் ஓடின. எண்ணெய் இல்லாத பக்கம் தோற்றது. 1943இல் அமெரிக்க ஜனாதிபதி ரூஸ்வெல்ட், சவூதி அரேபியாவின் பாதுகாப்பு அமெரிக்காவின் பாதுகாப்புக்கு இன்றியமையாதது என்று அறிவித்து உதவி அனுப்பினார். 1945 பெப்ரவரி 14ஆம் திகதி சூயஸ் கால்வாயின் பெரிய கசப்பு ஏரியில், குயின்சி என்ற போர்க்கப்பலில் இருவரும் சந்தித்தார்கள். மன்னர் ஜித்தாவிலிருந்து இன்னொரு போர்க்கப்பலில் வந்தார். மேல்தளத்தில் கூடாரம் அடித்து, ஆடுகளையும் ஏற்றிக்கொண்டு வந்தார். பழைய காயங்களால் அவருக்கு நடக்கச் சிரமம். ரூஸ்வெல்ட் தன்னிடமிருந்த இரண்டாவது சக்கர நாற்காலியை அவருக்குப் பரிசாகக் கொடுத்தார்.

அந்தச் சந்திப்பில் ரூஸ்வெல்ட் எண்ணெயைப் பற்றியல்ல, அகதிகளைப் பற்றியே அதிகம் பேசினார். ஐரோப்பாவில் உயிர் தப்பிய யூதர்களைப் பலஸ்தீனத்தில் குடியமர்த்த மன்னரின் உதவியைக் கேட்டார். அவர்களை ஒடுக்கியவர்கள் ஜெர்மானியர் என்றால் ஜெர்மனியின் நிலத்திலிருந்தே அவர்களுக்கு இடம் கொடுக்க வேண்டும், அரபுமக்கள் ஏன் அதற்கு விலை கொடுக்க வேண்டும் என்பதே மன்னரின் நிலைப்பாடாக இருந்தது. அரபு மக்களுக்கு எதிராக எதுவும் செய்யமாட்டேன் என்ற உறுதியை ஏப்ரல் 5ஆம் திகதி கடிதத்தில் ரூஸ்வெல்ட் எழுதினார். ஒரு கிழமைக்குள் அவர் இறந்துபோனார். அடுத்து வந்தவர் 1948இல் இஸ்ரேலை உடனே அங்கீகரித்தார். இலட்சக்கணக்கான பலஸ்தீனர்கள் அகதியானார்கள். எண்ணெயைக் கையில் வைத்திருந்தும் அந்த வாக்குறுதியை மன்னரால் காப்பாற்ற வைக்க முடியவில்லை. வல்லரசின் கடிதத்தை நம்பி ஒரு மக்கள் கூட்டம் காத்திருக்க முடியுமா என்ற கேள்வி, அன்றுபோல இன்றும் எம் முன்னால் நிற்கிறது.

1948இல் கவார் எண்ணெய் வயல் கண்டுபிடிக்கப்பட்டது. 1950இல் இலாபத்தைப் பாதிக்குப் பாதி பங்கிடும் ஏற்பாடு வந்தது. 1951இல் தம்மாமிலிருந்து ரியாத்துக்கு ரயில் ஓடியது. மீனவர் குடியிருப்பாக இருந்த தம்மாம் நகரமானது. ஆனால் செல்வம் எல்லார் வாசலுக்கும் ஒரே மாதிரி வரவில்லை. அமெரிக்க ஊழியர்களுக்குக் குளிரூட்டிய வீடுகள் இருந்த அதே தஹ்ரானில், அரபுத் தொழிலாளர் ஓலைக் குடிசை முகாம்களில் இருந்தார்கள். இந்தியாவிலிருந்தும் பாகிஸ்தானிலிருந்தும் வந்தவர்களுக்கும் தனி முகாம், தனிச் சம்பளம். 1953 ஒக்டோபரில் பதின்மூவாயிரம் அளவிலான எண்ணெய்த் தொழிலாளர் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். அடுத்த மாதம், நவம்பர் 9ஆம் திகதி, மன்னர் தாயிபில் காலமானார். அவர்களுடைய மார்க்க வழக்கப்படி, ரியாத் அல் ஊத் மயானத்தில் பெயர் எழுதாத சாதாரணக் குழியில் அடக்கம் செய்தார்கள்.

அவர் திறந்த வால்வின் முழு வலிமையை உலகம் உணர்ந்தது 1973இல். அவருடைய மகன் மன்னர் பைசலும் மற்ற அரபு நாடுகளும் எண்ணெயை நிறுத்தியபோது விலை நாலு மடங்கானது. அந்தப் பணத்தில் வளைகுடாவில் வீதியும் துறைமுகமும் ஆலையும் எழுந்தன. கட்டுவதற்குக் கை வேண்டியிருந்தது. தமிழ்நாட்டின் ஊர்களிலிருந்தும் எமது வடக்கு, கிழக்கு, மலையகத்திலிருந்தும் ஆட்கள் வந்தார்கள். 1983க்குப் பின் எம்மில் பலருக்கு அது வெறும் வேலை தேடிய பயணமாக இருக்கவில்லை; உயிரைக் காத்துக்கொள்ளக் கிடைத்த ஒரு கதவாகவும் இருந்தது.

ஆனால் இந்தக் கதவுக்கு ஒரு தன்மை உண்டு. சவூதி உட்பட வளைகுடா நாடுகள் 1951ஆம் ஆண்டு அகதிகள் உடன்படிக்கையில் கையெழுத்திடவில்லை. ரொறன்ரோவிலும் லண்டனிலும் பாரிஸிலும் தஞ்சம் கேட்ட எம் உறவுகள் பிரஜைகளானார்கள். நாம் இங்கே இக்காமா அட்டைக்காரர். 2017 முதல் குடும்பத்தில் தங்கியிருப்போர் ஒவ்வொருவருக்கும் மாதம் 100 ரியால் என்று தொடங்கிய கட்டணம், 2020இல் 400 ஆனது. அதைத் தாங்க முடியாமல் மனைவி பிள்ளைகளை அனுப்பிவிட்டுத் தனித்துப் போன ஆண்கள் எத்தனை பேர் என்று எமது சுற்றத்திலேயே எண்ணிப் பார்க்கலாம். அனுப்புவதற்கு ஊரில் பத்திரமான வீடு இல்லாதவர்களின் நிலை இன்னும் கடினம்.

அப்துல் அஸீஸ் எமக்கு முன்மாதிரி என்று நாம் சொல்லவில்லை. அவருடைய வாளும் காலமும் வேறு, எமது காலம் வேறு. ஆனால் அவருடைய வாழ்க்கை சில விடயங்களைத் தெளிவாகக் காட்டுகிறது. வரலாற்று நூல்கள் 1902இன் மஸ்மக் கோட்டைச் சண்டையைப் பெரிதாக எழுதுகின்றன. உலகத்தை உண்மையில் திருப்பியது 1933இல் வெறும் கஜானாவோடு போட்ட ஒரு கையெழுத்தும், ஆறு தோல்விக்குப் பிறகும் விடாத ஏழாவது துளையும். திருப்புமுனையில் நிற்பவர்களுக்கு அது திருப்புமுனை என்று தெரிவதில்லை. ஊர் திரும்பிய நாளை மட்டும் அவர் நம்பியிருந்தால் ரியாத் இன்னொரு பாலைவன ஊராகவே இருந்திருக்கும். குவைத்தில் கற்றதை அவர் ஊருக்குக் கொண்டுபோனார். புலம்பெயர்ந்த காலம் அவருக்கு வீணாகவில்லை.

எமது பிள்ளைகள் இங்கே கற்கும் அரபு மொழியும், பல நாட்டாரோடு பழகும் பக்குவமும், கையில் ஏறிய தொழிலும் அப்படித்தான். நாளை அவர்கள் ஊர் திரும்பினாலும் வேறொரு நாட்டுக்குப் போனாலும் அவை கூடவே போகும். அடுத்த வெள்ளிக்கிழமை இத்ராவுக்குப் பிள்ளைகளைக் கூட்டிப்போகும் பெற்றோர், வாசலில் உள்ள பெயரைக் காட்டி, இவர் ஒரு காலத்தில் வீடில்லாத சிறுவன் என்று சொல்லிக் கொடுங்கள். ஏழாம் எண் கிணறு 1982 வரை ஓடி, சுமார் 32 மில்லியன் பீப்பாய் எண்ணெயைத் தந்துவிட்டு ஓய்ந்தது என்பதையும், அதைத் தோண்டிய கைகளில் பெரும்பாலானவற்றின் பெயர் எந்தப் பலகையிலும் இல்லை என்பதையும் சேர்த்தே சொல்லுங்கள்.